எருமையின் ஆட்கள்

காட்டுக்குள் டாங்கியைக் கொண்டுவந்தவனைக் கண்டால் நாலு கேள்வி நறுக்கென்று கேட்க வேண்டும் என்று எங்கள் ஹவில்தார் செம்புலிங்கம் அடிக்கடி சொல்வார். வெட்டவெளியில் அது ராஜா. காட்டில் அதற்குக் கண் தெரியாது. மூங்கிலும் கொடியும் பின்னிக் கிடக்கிற இடத்தில், பத்தடிக்கு அப்பால் என்ன இருக்கிறதென்று அதற்குப் புலப்படாது. பீரங்கிக் குழலைத் திருப்பினால் மரத்தில் இடிக்கும். புதருக்குள் பதுங்கிக் கிடக்கிற ஒருவன் வெடிகுண்டை அதன் வயிற்றில் ஒட்டிவிட்டு ஓடிவிடலாம். அதனால் காலாட்படைக்காரன் அதைச் சுற்றி நடக்க வேண்டும். அவன் அதற்குக் கண். துப்பாக்கி வெடிக்கத் தொடங்கினால் அது அவனுக்குச் சுவர். டாங்கி என்று ஒன்று காட்டுக்குள் நுழைந்த நாளிலிருந்து இந்தக் கொடுக்கல் வாங்கல்தான்.

எங்கள் காலத்தில் ஒரே ஒரு மாற்றம் செய்திருந்தார்கள். டாங்கிக்குள் ஆள் கிடையாது.

நான் ஒச்சப்பன். உசிலம்பட்டிப் பக்கம். மெலாவு தீவுக்கு ஆறு நாடுகள் சேர்ந்து அனுப்பிய கூட்டுப்படையில், எங்கள் இருபது பேர் பிரிவுக்கு டெலிபோன்காரன். டாங்கியின் பின்புறத்தில் ஒரு பெட்டி, பெட்டிக்குள் ஒரு ரிசீவர். பேசினால் அதற்குக் கேட்கும், பதிலும் சொல்லும். "மண் இளகல்." "வலப்பக்கம் அசைவு." "நிற்கிறேன்." புதுமாப்பிள்ளை மாமனார் வீட்டில் பேசுகிற அளவுக்குத்தான் பேச்சு. அதைக் கேட்டு மற்றவர்களுக்குச் சொல்வது என் வேலை.

மலைமேல் இருக்கிற மூன்று கிராமங்களுக்கு அரிசி லாரி போகும் பாதையைத் திறந்து வைக்கத்தான் எங்களை அனுப்பியிருந்தார்கள். பாதையை மறிக்கிறவர்களை எதிராளி என்போம். அவர்களுக்கும் ஒரு நியாயம் இருந்திருக்கும். அதைக் கேட்டுத் தெரிந்துகொள்ளும் தூரத்தில் அவர்கள் நின்றதில்லை.

டாங்கி தானாகச் சுடாது. சுடுவதற்கான சாவி, தூரத்திலிருந்தே திருப்பக்கூடிய ஒரு சின்னப் பெட்டியோடு, செம்புலிங்கத்தின் கழுத்தில் தொங்கியது. குறியை அவர் தன் கண்ணால் பார்த்த பிறகு சாவியைத் திருப்பினால்தான் குண்டு கிளம்பும். அந்தப் பாவத்தை மனிதன் தலையில்தான் வைத்திருந்தார்கள். ஆனால் சண்டை மூண்டுவிட்டால் எங்கே நிற்பது, யாருக்கு முன்னால் தன் இரும்பைக் கொண்டுவந்து நிறுத்துவது என்பதை அதுவே முடிவு செய்யும். நாங்கள் போனில் கத்தினாலும் கேட்டுக்கொள்ளும், அவ்வளவுதான். மனித மூளையின் வேகம் அதற்குப் போதாதாம்.

அப்படியானால் நம் ஆள் யார், எதிராளி யார் என்று அதற்குத் தெரிய வேண்டுமே. அங்கேதான் எல்லோரும் தலையைச் சொறிந்திருக்கிறார்கள். இலைக்கூரைக்குக் கீழே செயற்கைக்கோள் சிக்னல் வராது. சேற்றில் புரண்டால் எல்லாச் சட்டையும் ஒரே நிறம். சிப்பாய்களின் கழுத்துப்பட்டையில் அடையாளச் சில்லு தைத்துக் கொடுத்தார்கள். செத்தவன் கழுத்திலிருந்து எதிராளி அதைப் பிய்த்துத் தன் சட்டையில் தைத்துக்கொண்டான். கடைசியில், "கூடவே இரு, பார், பழகு, உன் ஆள் யாரென்று நீயே தெரிந்துகொள்" என்று டாங்கியிடமே விட்டுவிட்டார்கள். புதிதாக வந்த மருமகள் வீட்டு மனிதர்களைத் தெரிந்துகொள்கிற மாதிரி அதுவும் எங்களைப் பார்த்துக்கொண்டே இருந்தது.

அது வந்த முதல் நாளே ஒரு சதுப்பில் இறங்கி உட்கார்ந்துகொண்டது. மரத்தடியை அடியில் கொடுத்து, சங்கிலி கட்டி, நாங்கள் இடுப்பளவு சேற்றில் நின்று இழுத்தோம். அது அசையவில்லை.

"எரும எங்கீங்கண்ணா சேத்த உட்டு எந்திரிக்கும்?" என்றான் இங்கர்சால்.

பெயர் அன்றே ஒட்டிக்கொண்டது. "எமன் வாகனம்லா, பேரு நல்லாத்தான் இருக்கு" என்று செம்புலிங்கமும் சந்தோஷப்பட்டார்.

இங்கர்சால் ஈரோட்டுப் பக்கத்துக்காரன். சாமி இல்லை, பூதம் இல்லை என்கிற குடும்பம். நாத்திகம் பேசிய ஒரு வெள்ளைக்காரரின் பெயர், கேட்டாலே தெரிந்துவிடும். அவனுடைய அக்காள் பெயர் புரட்சி. எங்களில் யாருக்காவது காய்ச்சல் வந்தால் அவன்தான் பக்கத்தில் உட்கார்ந்திருப்பான். விபூதி பூசிவிட மட்டும் வரமாட்டான். செம்புலிங்கம் தென்காசிக்காரர், நெற்றியில் பட்டை இல்லாமல் துப்பாக்கியைத் தொடாதவர். இருவருக்கும் தினமும் வாக்குவாதம் நடக்கும். வாக்குவாதம் இல்லாத நாளில் இருவருக்கும் சோறு இறங்காது.

ஆயுத பூஜை அன்று எருமைக்குச் சந்தனமும் குங்குமமும் வைத்தோம். அந்தத் தீவில் எலுமிச்சம்பழம் கிடைக்காது. ஏதோ ஒரு காட்டு நாரத்தையைப் பறித்துவந்து சங்கிலிச் சக்கரத்துக்கு அடியில் வைத்து நசுக்க விட்டோம். இங்கர்சால் பூஜையில் கலந்துகொள்ளவில்லை, சுண்டலில் கலந்துகொண்டான்.

அன்று தொடங்கியதுதான் அந்தப் பழக்கம். காலையில் கிளம்பும்போது ஒவ்வொருவரும் எருமையின் பக்கவாட்டு இரும்பைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்வோம். ஊரில் பஸ் டிரைவர் ஸ்டியரிங்கைத் தொட்டு ஒற்றிக்கொள்வதில்லையா, அதுபோல. யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை, கை தானாகப் போகும். பெனடிக்ட் மட்டும் தொட்ட விரலை முத்தமிட்டுக்கொள்வான். இங்கர்சால் அந்த நேரத்தில் பூட்ஸ் கயிற்றைக் கட்டிக்கொண்டிருப்பான்.

*

மூங்கில்காட்டில் ஒரு பிற்பகல், எதிராளி சுடத் தொடங்கினான்.

நாங்கள் எருமைக்கு இரண்டு பக்கமும் பரவி நடந்துகொண்டிருந்தோம். இடப்பக்கம் இங்கர்சால் மட்டும் கொஞ்சம் விலகி, ஒரு விழுந்த மரத்தை ஒட்டி. குண்டுகள் இடப்பக்கத்திலிருந்துதான் வந்தன. நியாயமாக எருமை அந்தப் பக்கம் போய் அவனை மறைத்திருக்க வேண்டும். அதுவோ அவனை விட்டுவிட்டு, வலப்பக்கம் கிடந்த எனக்கும் பெனடிக்டுக்கும் முன்னால் வந்து நின்றது. எங்களைத் தவிர வேறு யாருமே அந்தக் காட்டில் இல்லாத மாதிரி அப்படி ஒரு அக்கறை.

விழுந்த மரம் இங்கர்சாலைக் காப்பாற்றியது. செம்புலிங்கம் ஊர்ந்துபோய்க் குறி பார்த்துச் சாவியைத் திருப்பினார். எருமை ஒரே ஒருமுறை முழங்கியது, காடு அமைதியானது. இங்கர்சால் எழுந்து வந்தான். இடது காதின் நுனி இல்லை.

"ஏனுங்கண்ணா, உங்க எருமைக்கு நானு கண்ணுக்குத் தெரியிலீங்களா?" என்று சிரித்தான்.

எனக்கு என்னவோ உறுத்தியது. ரிசீவரை எடுத்தேன்.

"எருமை, நம்மாளு எத்தன பேரு இருக்கோம்?"

"பத்தொன்பது."

சுற்றிப் பார்த்தேன். இருபது பேரும் உயிரோடு இருந்தோம். மறுபடி எண்ணச் சொன்னேன்.

"நம்மவர் பத்தொன்பது," என்றது அது. "வேறு ஒருவர்."

இத்தனை மாதம் எங்களோடு ஒரே தட்டில் சாப்பிட்டவன், எங்களுக்கு முன்னால் நடந்து கண்ணிவெடி பார்த்தவன், அதற்கு 'வேறு ஒருவர்'.

*

இரண்டொரு நாளில் படகில் கேப்டன் பவளக்கொடி வந்து சேர்ந்தார். எருமை மாதிரியான டாங்கிகளைப் பார்த்துக்கொள்கிற பொறியாளர். பழைய காலத்துப் பெயரைப் பற்றி யாராவது வாயைத் திறப்பதற்கு முன்பே முறைத்துவிடுவார். எருமையின் வயிற்றுக்குள் கம்பியைச் செருகி, அது பார்த்துச் சேர்த்து வைத்ததையெல்லாம் தன் திரையில் ஓட்டிப் பார்த்தார். முதலில் சிரித்தார். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டு எங்களைக் கூப்பிட்டார்.

"காலைல எல்லாரும் இதைத் தொட்டுக் கண்ல ஒத்திக்கிறீங்களா?"

"ஆமா மேடம்," என்றார் செம்புலிங்கம். "தப்பா?"

"தப்பு சரி எதுவும் இல்லை. இதுக்கு உங்க முகம் முக்கியம் இல்லை, சேறு பூசினா முகமே தெரியாது. எந்தப் பழக்கம் உங்க எல்லார்கிட்டயும் இருக்கு, எதிராளிகிட்ட இல்லைன்னு தேடியிருக்கு. தண்ணி குடிக்கறது, நடக்கறது எல்லாம் அவனும் செய்யறான். இது ஒண்ணுதான் அவன் செய்யாதது. இதைச் செய்யறவங்க உருவம், நடையை வெச்சு மத்த நேரத்துல அடையாளம் கண்டுக்குது. பெனடிக்ட் முத்தம் குடுக்கறாரே, அதைக்கூட ஏத்துக்கிச்சு. தொட்ட கை முகத்துக்குப் போகணும், அவ்வளவுதான்."

"யாரு மேடம் இப்படி எழுதி வெச்சது?" என்று கேட்டேன்.

"யாரும் எழுதலை. உங்களைப் பார்த்துக் கத்துக்கிச்சு."

எங்களைப் பார்த்து, எங்களுக்கே தெரியாமல் ஒரு வேலி போட்டிருந்தது அந்த இரும்பு. வேலிக்கு வெளியே இங்கர்சால் கட்டுப் போட்ட காதோடு நின்றுகொண்டிருந்தான்.

"அழிச்சிர முடியாதா?" என்றார் செம்புலிங்கம்.

"அழிச்சா மொத்தமும் போகும். மறுபடி உங்களைப் பழக மாசக்கணக்கு ஆகும். நீங்க எல்லாரும் தொடறதை நிறுத்தினாலும் அதே கதை, யாரையுமே அதுக்குத் தெரியாம போயிடும். ஆத்துத்துறைக்கு அரிசி லாரி வரப்போகுது. இருக்கற ஒரே வழி..." என்று இங்கர்சாலைப் பார்த்தார். "ஒரு வாரம் நீங்களும் தொட்டு ஒத்திக்குங்க. சும்மா, நடிப்புக்கு."

இங்கர்சால் கோபப்பட்டிருந்தால் எங்களுக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

"எங்க தாத்தனுக்குத் தாத்தன ஒரு வாசல்ல நிறுத்திட்டாங்க மேடம்," என்றான் மெதுவாக. "எங்க மாதிரி கும்புட்டு, நாங்க சொல்ற எடத்துல நில்லு, அப்பத்தான் நீயி நம்மாளுன்னாங்க. அவரு திரும்பி வந்துட்டாரு. அன்னிலிருந்து எங்கூட்ல யாரும் எதையும் கும்புட்டதில்லீங்க. குண்டு வந்தா சாவறேன், அதுக்குப் பயமில்லைன்னு சொல்ல மாட்டேன், நெறையவே பயமா இருக்குது. ஆனா இதுக்குப் பயந்துட்டு ஒரு இரும்பத் தொட்டு ஒத்திக்கிட்டன்னா, அப்பறம் நானு யாருங்க?"

செம்புலிங்கம் சண்டைக்கு வருவார் என்று நினைத்தேன். அவர் தலையைக் குனிந்துகொண்டு சாவியை உருட்டிக்கொண்டிருந்தார். எனக்கு அன்று இங்கர்சால் மேல் எரிச்சலும் வந்தது, அவனைக் கட்டிப்பிடித்துக்கொள்ள வேண்டும் போலவும் இருந்தது.

மறுநாள் காலையில் வழக்கம்போல வரிசையாக எருமையைத் தொட்டு ஒற்றிக்கொண்டோம். செம்புலிங்கம் தொட்டு முடித்துவிட்டு நேராக இங்கர்சாலிடம் போனார். அவன் குனிந்து பூட்ஸ் கட்டிக்கொண்டிருந்தான். அவன் தோளைத் தொட்டு, விரல்களைத் தன் கண்ணில் ஒற்றிக்கொண்டார்.

இங்கர்சால் துள்ளி எழுந்தான். "அண்ணா! என்னுங்க பண்றீங்க?"

"சும்மா நில்லுலே. நீ எதையும் கும்பிட வேண்டாம், நாங்க உன்னக் கும்பிடுதோம். உன்ன நாங்க கும்பிடக் கூடாதுன்னு உன் கொள்கைல எங்கயும் எழுதலேல்லா?"

"அது வந்துங்கண்ணா..."

"அப்பம் பேசாம நில்லு. ஏ, வரிசையா வாங்கடே!"

வந்தோம். ஒவ்வொருவராக அவன் தோளைத் தொட்டு எருமைக்குத் தெரிகிற மாதிரி கண்ணில் ஒற்றிக்கொண்டோம். பெனடிக்ட் தொட்டு முத்தமிட்டான். "சாமி, எனக்கு லீவு வாங்கிக் குடுத்துருங்க," என்றேன் நான். "முடி காணிக்கை ஏத்துக்குவீங்களா?" என்றான் இன்னொருவன். இங்கர்சாலுக்குக் கூச்சம் தாங்கவில்லை. திட்டினான், நெளிந்தான், கடைசியில் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தான். பகுத்தறிவுக்கு அப்படி ஒரு சோதனை அதற்கு முன்னும் பின்னும் வந்திருக்காது. நானும் சிரித்தேன்.

பவளக்கொடி மட்டும் சிரிக்கவில்லை.

"ஐடியா நல்லாத்தான் இருக்கு ஹவில்தார்," என்றார் படகில் ஏறும்போது. "ஆனா இதை அது எப்படி எடுத்துக்கும்னு எனக்கே தெரியாது. இதுவரைக்கும் நீங்க எல்லாரும் தொட்டு ஒத்திக்கிட்டது அதை மட்டும்தான். இப்ப அவரை. ஒருத்தரை ஒருத்தர் தொட்டுக்கலை, கவனிச்சீங்களா? அவரை உங்கள்ல ஒருத்தரா சேர்க்காம, உங்க எல்லாருக்கும் மேல கொண்டுபோய் வெச்சாலும் வைக்கும்."

"வைக்கட்டுமே மேடம். நம்ம பயலத்தான?" என்றார் செம்புலிங்கம்.

*

நாலைந்து காலைகள் போயிருக்கும். ரிசீவரை எடுத்துக் கேட்டேன்.

"இருபது," என்றது எருமை.

நான் கத்திய கத்தலில் பெனடிக்ட் தேநீரைக் கொட்டிவிட்டான். செம்புலிங்கம் சாவியைத் தொட்டு ஒற்றிக்கொண்டார். இங்கர்சால் எருமையைச் சுற்றி ஒருமுறை நடந்து வந்தான். அவன் நடக்க நடக்க அதன் கேமராக் கண்ணாடிகள் அவன் பின்னாலேயே திரும்பின.

அப்புறம்தான் கவனித்தோம். நாங்கள் எங்கே உட்கார்ந்தாலும் எருமை அவன் பக்கத்தில் வந்து நிற்கும். அவன் ஒதுங்கினால் அதுவும் ஒதுங்கும். அதன் வயிற்றுச் சூட்டில் அவன் காலுறைகளைக் காயப்போட்டுக்கொண்டான். முதலில் எல்லோரும் கேலி செய்தோம். "சாமிக்கு வாகனம் வந்துருச்சு" என்றோம்.

கேலி நின்றது இங்கர்சாலால்தான். ஆற்றுத்துறைக்கு முந்தைய முகாமில், செம்புலிங்கத்திடம் வந்து உட்கார்ந்தான்.

"போதுங்கண்ணா. இதோட நிறுத்திக்குவோம். அது என்னைய மட்டுமே பாக்குது. எனக்கு நல்லாப் படலீங்க."

"நாளைக்கு லாரியெல்லாம் ஆத்தக் கடந்து போயிரட்டும். அதுக்கப்புறம் உன்னத் தொடக்கூட மாட்டோம், போதுமா? இப்பம் நிறுத்துனா மறுபடி உன்ன மறந்துட்டுன்னா என்ன செய்ய?"

"மறந்தா மறக்குதுங்க."

"உனக்கென்னலே, சொல்லிட்டுச் செத்துப் போயிருவ. உன் அக்கா புரட்சிக்கு யாரு பதில் சொல்ல? அந்தப் புள்ள பேரக் கேட்டாலே எனக்குப் பயமா இருக்கு."

இங்கர்சால் சிரித்துவிட்டான். பேச்சு அதோடு முடிந்தது.

*

ஆற்றில் முழங்கால் அளவுதான் தண்ணீர். எங்களுக்குப் பின்னால் லாரிகள் வரிசையாக நின்றன. அவற்றோடு லெப்டினன்ட் கிருபாகரன் என்ற இளம் அதிகாரி வந்திருந்தார். செம்புலிங்கம் நாலு பேரைக் கூட்டிக்கொண்டு முதலில் அக்கரைக்குப் போய்க் கண்ணிவெடி தேடினார். நானும் இங்கர்சாலும் மற்றவர்களும் இக்கரையில் எருமையோடு நின்றோம். வெயில் நன்றாக இருந்தது. தண்ணீரில் சின்னச் சின்ன மீன்கள் ஓடியதுகூட நினைவிருக்கிறது.

முதல் குண்டுகள் எங்கள் பக்கம் வந்தன. எருமை ஒரு சுற்றுச் சுழன்று இங்கர்சாலுக்கு முன்னால் நின்றது. அவனை ஒட்டி நின்றதால் எனக்கும் மறைவு கிடைத்தது. அடுத்த நிமிடம் துப்பாக்கிச் சூடு அக்கரைக்குத் திரும்பியது. அங்கே செம்புலிங்கமும் நாலு பேரும் ஒரு சின்னப் பாறைக்குப் பின்னால் ஒண்டிக்கொண்டிருந்தார்கள். ஐந்து பேருக்கு அந்தப் பாறை போதாது. எருமை அசையவில்லை.

ரிசீவரில் கத்தினேன். "அக்கரைக்குப் போ! அஞ்சு பேரு கெடக்காக, போ!"

"நம்மவருக்கு முன் நிற்கிறேன்," என்றது.

"அவங்களும் நம்மாளுதான்டா!"

"ஆம். நிற்கிறேன்."

அதன் குரலில் ஒரு குறையும் இல்லை. அது சொன்னதைச் செய்துகொண்டிருந்தது. எங்கள் விரல்கள் சொல்லிக்கொடுத்ததைத்தான் செய்துகொண்டிருந்தது.

அக்கரையில் செம்புலிங்கம் பாறைக்கு மேலே எழுந்தார். எழாமல் குறி தெரியாது. குறியைப் பார்க்காமல் சாவியைத் திருப்பினால் எருமை சுடாது. எழுந்தார், பார்த்தார், திருப்பினார். எருமையின் குழல் எங்கள் தலைக்கு மேலே முழங்கியது. மூங்கில்கள் சரிந்தன. அவரும் சரிந்தார். இன்னொரு பக்கத்திலிருந்து வந்த சூடு நிற்கவில்லை.

இங்கர்சால் எருமையைப் பார்த்தான். அக்கரையைப் பார்த்தான். முதுகுப் பையைக் கழற்றி எறிந்துவிட்டுத் தண்ணீருக்குள் ஓடினான்.

எனக்கு ஒரு கணம் புரியவில்லை. பிறகு எருமை உறுமிக்கொண்டு கிளம்பியது. அவன் ஓட ஓட அவனோடு ஒட்டிக்கொண்டு, குண்டு வருகிற பக்கத்தில் தன்னை வைத்துக்கொண்டு, ஆற்றையே இரண்டாகப் பிளந்துகொண்டு போனது. எங்கே போக வேண்டும் என்று அதற்கு யாரும் சொல்ல முடியாது. அவன் எங்கே போகிறானோ அங்கே அது போகும். அதைத் தெரிந்துகொண்டுதான் அவன் ஓடினான். நானும் பின்னால் ஓடினேன்.

எருமை பாறைக்கு முன்னால் போய் நின்றதும் அந்த நாலு பேரும் பிழைத்தார்கள். கொஞ்ச நேரத்தில் எதிராளியும் ஓய்ந்துவிட்டான்.

செம்புலிங்கம் மல்லாந்து கிடந்தார். இங்கர்சால் அவர் தலையைத் தூக்கி மடியில் வைத்துக்கொண்டான். அவர் கண்ணைத் திறந்து அவனைப் பார்த்தார், அவனுக்குப் பின்னால் நீர் சொட்ட நிற்கிற எருமையைப் பார்த்தார்.

"என்னலே," என்றார். "சாமி ஊர்வலமா?"

இங்கர்சால் அவர் காதருகே குனிந்து, "ஆமாங்கண்ணா" என்றான். அதைக் கேட்க அவர் இல்லை.

*

லெப்டினன்ட் கிருபாகரன் கெட்டவர் இல்லை. லாரிகளோடு ஆற்றைக் கடந்து வந்து, தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டுதான் பேசினார். "இருட்டுறதுக்குள்ள லாரி மேல போகணும். அவங்க மறுபடி வருவாங்க. குழி தோண்ட நேரம் இல்லை. டாங்கி மேல அடிபட்டவங்கள மட்டும்தான் ஏத்தலாம், அதுதான் விதி. இவரை இங்கயே மூடி வெச்சுட்டுத் திரும்பி வரும்போது பார்த்துக்கலாம்."

திரும்பி வரும்போது என்ன இருக்கும் என்று அவருக்கும் தெரியும், எங்களுக்கும் தெரியும். அந்தக் காட்டில் விட்டுவிட்டுப் போன யாரையும் நாங்கள் திரும்பக் கண்டதில்லை. ஆனால் மலைமேல் குழந்தைகள் பட்டினி கிடந்தன. அவர் சொன்னதில் பிழை சொல்ல முடியவில்லை. அழுகைதான் வந்தது.

வழக்கப்படி நான் ரிசீவரை எடுத்தேன். கேட்கவே வேண்டாம் என்றுதான் இருந்தது.

"நம்மாளு எத்தன பேரு?"

"பத்தொன்பது. கிளம்பலாம்."

எருமை மலைப்பாதையைப் பார்த்துத் திரும்பி நின்றது. மூச்சு இல்லாதவரை அது அவ்வளவு சீக்கிரம் கழித்துவிட்டிருந்தது. நான் அந்தப் பெட்டிக் கதவை உதைத்தேன்.

இங்கர்சால் செம்புலிங்கத்தின் தலையை மெதுவாகக் கீழே இறக்கி வைத்தான். எழுந்து அவர் கால்மாட்டுக்கு வந்து மண்டியிட்டான். ஒரு பூட்ஸ் ஆற்றோடு போயிருந்தது. வெறும் பாதம், சேறு அப்பிய பாதம். அதை இரண்டு கையாலும் தொட்டான். தொட்ட கையைத் தன் கண்களில் ஒற்றி, அப்படியே வைத்துக்கொண்டிருந்தான். எதையும் அப்படிச் செய்து பழகாதவன் என்பது அந்தக் கைகளைப் பார்த்தாலே தெரிந்தது. எப்போது எடுப்பது என்று அவனுக்குத் தெரியவில்லை.

பின்னால் சங்கிலிச் சக்கரம் அரைபடும் சத்தம் கேட்டது. எருமை திரும்பிக்கொண்டிருந்தது. மெல்ல வந்து, செம்புலிங்கத்தின் தலைமாட்டில், காட்டுக்கும் அவருக்கும் நடுவே குறுக்காக நின்றது.

"கிளம்பச் சொல்லுங்க ஒச்சப்பன்," என்றார் லெப்டினன்ட்.

சொன்னேன். அது சொன்ன பதிலை இரண்டு தடவை கேட்டுவிட்டுத்தான் அவரிடம் சொன்னேன்.

"நம்மவர் ஒருவர் இன்னும் ஏறவில்லையாம் சார்."

அவர் எருமையைப் பார்த்தார், எங்களைப் பார்த்தார், லாரிகளைப் பார்த்தார். எருமை நகராமல் எந்த லாரியும் மேலே போக முடியாது. தொப்பியைத் தலையில் வைத்துக்கொண்டு, "ஏத்துங்க" என்றார்.

ஆறு பேராகத் தூக்கி எருமையின் முதுகில் கிடத்தி, நழுவாமல் கயிறு போட்டோம். எஞ்சின் சூட்டில் அவர் சட்டையின் ஈரம் ஆவியாகிக்கொண்டிருந்தது. அவர் கழுத்திலிருந்த சாவியை எடுத்து லெப்டினன்ட் என்னிடம் கொடுத்தார். நான் அதைப் பெனடிக்டிடம் கொடுத்தேன், அவன்தான் அடுத்த மூத்தவன்.

இங்கர்சால் முகத்தைக் கழுவிக்கொண்டு வந்தான். யாரும் அவனைக் கேலி செய்யவில்லை. அவன் நேராக எருமையின் பின்புறத்துக்கு வந்து என்னிடம் கையை நீட்டினான். அத்தனை மாதத்தில் அவன் அந்த எந்திரத்தோடு ஒரு வார்த்தை பேசியதில்லை. ரிசீவரைக் கொடுத்தேன்.

"எரும," என்றான். "எத்தன பேரு?"

பக்கத்தில் நின்றதால் எனக்கும் கேட்டது.

"இருபது."

"ஆமா," என்றான். "இருபது."

ரிசீவரைப் பெட்டிக்குள் வைத்துக் கதவைச் சாத்தினான். பிறகு துப்பாக்கியை எடுத்துக்கொண்டு, எருமைக்கு முன்னால் போய், பாதையில் கண்ணிவெடி இருக்கிறதா என்று பார்த்துக்கொண்டே நடக்க ஆரம்பித்தான்.